தெள்ளும் வெள்ளும்: பளிங்கு என்னும் அடையின் வழி

(பத்தாம் ஆண்டு நிறைவு விழாவில் ஆற்றப்பெற்ற உரையின் எழுத்து வடிவம்)



தேவனாம்பட்டினம் என்றதும் வரலாற்று அறிஞர்க்குப் புனித டேவிட் கோட்டை நினைவுக்கு வரும். 1690ஆம் ஆண்டில் ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் குழுமத்தார் அதனை மராட்டியரிடமிருந்து விலைக்குப் பெற்றனர். கோட்டையிலிருந்து சுட்ட பீரங்கிக் குண்டு எங்கெங்கு விழுந்ததோ அவ்வளவு நிலமும் அவர்க்கு உரியதாயிற்று. மீனவர்க்குத் தேவனாம்பட்டினம் என்றால் வலையும் படகும் கெடிலத்தின் கழிமுகமும் ஆகும். விடுமுறை நாளில் வருவோர்க்கு அது வெள்ளிக் கடற்கரை. சொல்லாய்வு செய்வோர்க்கோ இக்கடற்கரையின் மணலே ஒரு பாடம். வெண்மை வேறு, தெளிவு வேறு என்பதனை இம்மணலைப்போல் எளிதாகக் காட்டவல்ல பொருள் பிறிதொன்று இல்லை. அவ்வேறுபாடே இன்றைய உரையின் பொருள்.

தெளிவைக் குறிக்கத் தமிழ்ப் பாவலர் இன்று பெரிதும் எடுத்தாளும் அடை 'பளிங்கு' என்பதாகும். பளிங்கு நீர், பளிங்கு நெஞ்சம், பளிங்கு முகம், பளிங்குச் சொல் எனத் தொகுப்பு நூல்கள் பலவற்றிலும் இவ்வடை மலிந்து காணப்படுகிறது. எழுதுவோர் மனத்தில் உள்ள பொருள் 'ஒளி ஊடுருவும் தூய்மை' என்பது. படிப்போர் மனத்தில் எழும் காட்சியோ பெரும்பாலும் தாசுமகாலின் வெண்சுவர், அல்லது புதுமனைகளில் இழைத்துப் பதித்த தரை. எழுதுவோன் கருதியது ஒன்றாகவும் படிப்போன் காண்பது மற்றொன்றாகவும் அமைந்துவிடின், தெளிவைச் சொல்ல வந்த அடையே கலங்கலுக்குக் காரணமாகிவிடும். இது சிறு குறை போலத் தோன்றும், ஆயினும் பொருட்படுத்தத்தக்கது.

சொல்லின் வரலாறு

வடமொழியில் 'ஸ்படிகம்' எனப்படுவது தமிழ் ஒலிமரபுக்கு ஏற்பப் 'படிகம்' என நின்றது. 'பளிங்கு' என்பதும் அச்சொல்லின் பாகத வடிவத்தின் வழியே தமிழுக்கு வந்ததென்பது மொழிநூலார் பலர் கருத்து. 'பளபள', 'பளிச்' என்னும் ஒளிக்குறிப்புகளின் அடியாகப் பிறந்த தமிழ்ச்சொல்லே என்பாரும் உளர். வரவு எவ்வாறாயினும் பொருளில் ஐயம் இல்லை. பண்டை நூல்களில் பளிங்கு என்பது தன்னூடே ஒளியை விடும் கல். இன்று குவார்ட்சு என வழங்கும் கனிமத்தின் தூய வடிவம் அது. மணல் எதனால் ஆயதோ அதே சிலிக்கன் ஈராக்சைடே அதன் உட்பொருள். கலப்பு இல்லாதபோது அதற்கு நிறம் இல்லை. இரும்பு மிகச் சிறிது கலந்தவழிச் செவ்வந்திக்கல்லாய் ஊதா நிறம் கொள்ளும்.

பின்னாளில் வடநாட்டுச் சலவைக்கல் தமிழ்நாட்டில் பெருகியபோது, வழவழப்பும் பளபளப்பும் பற்றி அதுவும் 'பளிங்குக்கல்' எனப்பட்டது. சலவைக்கல் சுண்ணாம்பினத்துக் கல். அது வெண்மையானது, அதன் வழியே எதிர்ப்புறம் உள்ள பொருளைக் காண இயலாது. இவ்வாறு ஒளி ஊடுருவும் கல்லின் பெயர் ஒளியைத் திருப்பியனுப்பும் கல்லின்மேல் ஏறிற்று. சுருங்கக் கூறின், பளிங்கு என்னும் சொல் 'தெள்' என்னும் இனத்தினின்று நீங்கி 'வெள்' என்னும் இனத்தைச் சேர்ந்துவிட்டது.

வெள்ளும் தெள்ளும்

வெள், தெள் என்பன ஓரெழுத்தால் வேறுபடும் இரு பண்படிகள். வெண்ணிலா, வெண்மணல், வெள்ளருவி என்பன ஒருபால். தெண்ணீர், தெண்டிரை, தெள்ளமுது, தெளிதேன் என்பன மறுபால். பால் வெண்மையானது, ஆனால் தெளிவானது அன்று. நீர் தெளிவானது, ஆனால் வெண்மையானது அன்று. இவ்வேறுபாட்டைத் தமிழர் நிறத்தளவில் நிறுத்தவில்லை. அறிவின் மேலும் ஏற்றினர். அறிவின்மையைக் குறிக்க 'வெண்மை', 'வெள்ளறிவு' என்னும் சொற்கள் வழங்கின. திருவள்ளுவரும் புல்லறிவாண்மை அதிகாரத்தில், தம்மைத் தாமே அறிவுடையார் என எண்ணிக்கொள்ளும் செருக்கினை வெண்மை என்றே சுட்டுகிறார். அறிவு முதிர்ந்தவரோ 'தெளிந்தவர்', 'தெள்ளியர்' எனப்பட்டனர். ஒன்றும் எழுதப்படாத ஓலை வெண்மைக்கு உரியது. எழுதிய எழுத்து நன்கு புலப்படும் ஓலை தெளிவுக்கு உரியது.

உறவு மொழிகள் இவ்வேறுபாட்டை வெவ்வேறு வகையில் கையாண்டன. தெலுங்கில் 'தெல்ல' என்பது வெண்மை. 'தெலியு' என்பது அறிதல். கன்னடத்தில் 'திளி' என்பது தெளிவையும் அறிதலையும் ஒருங்கே குறிக்கும்; வண்டல் இறங்கிய தெளிந்த சாற்றை அவர்கள் 'திளிசாறு' என்பர். மலையாளத்திலும் 'தெளி' உண்டு. ஆகவே தெளிதலும் அறிதலும் ஒன்றென்னும் எண்ணம் திராவிட மொழிகள் பலவற்றுக்கும் பொது எனலாம்.

தெளிவு என்னும் தொழில்

'தெள்' என்பது பண்பை மட்டும் குறிப்பதன்று. ஒரு தொழிலையும் குறிக்கும். முறத்தில் இட்ட தானியத்தை அசைத்து அசைத்து நொய்யையும் தூசியையும் பிரித்தெடுப்பதற்குத் 'தெள்ளுதல்' என்று பெயர். புடைத்தல் வேறு, கொழித்தல் வேறு, தெள்ளுதல் வேறு என்பதனை முறம் பிடித்த கைகள் நன்கறியும். புடைப்பதற்கு வலிமை வேண்டும். தெள்ளுதற்குப் பொறுமை வேண்டும். பல ஐரோப்பிய மொழிகளில் படிகத்திற்கு வழங்கும் பெயர், பனிக்கட்டியைக் குறித்த கிரேக்கச் சொல்லினின்று வந்தது. உருகாது உறைந்துபோன பனியே படிகம் எனப் பழங்கால மேனாட்டார் நம்பினர். அவர்கள் படிமத்தில் தெளிவு குளிரின் கொடை. தமிழரின் 'தெள்' என்னும் சொல்லிலோ தெளிவு கைவேலையின் பயன்.

நீரைத் தெளியவைத்தலும் அத்தகையதே. கலங்கல் நீர் நிறைந்த குடத்தின் உட்புறத்தில் தேற்றாங்கொட்டையை உரைத்துவிட்டால், சிறிது பொழுதில் சேறு அடியில் இறங்கி நீர் தெளியும். 'தேற்றா' என்னும் மரப்பெயரே 'தேற்று' என்னும் வினையை நினைவூட்டுவது. தேற்றுதல் என்பதற்கு நீரைத் தெளியச்செய்தல் என்றும், துயருற்றாரை ஆற்றுதல் என்றும் இரு பொருள் உண்டு. கலித்தொகையின் நெய்தற்கலியில் 142ஆம் பாடல் இவ்விரண்டையும் ஓரிடத்தில் இணைக்கிறது. பிரிவால் மனம் கலங்கிய ஒருத்தி தலைவன் வரவால் மீண்டதனை, அவ்விதையிட்டுத் தெளிந்த நீருக்கு ஒப்பிடுகிறது. கடலும் கடல் சார்ந்த இடமும் பற்றிய பாடல்களுள் இவ்வுவமை அமைந்தது இக்கரைக்கு மிகப் பொருத்தம்.

படிகாரத்தையும் ஈண்டு நினைத்தல் தகும். அதன் பெயரிலேயே படிகத்தின் சாயல் உண்டு. பொருளாலும் அது படிகமே. அதனைக் கலங்கல் நீரில் கலக்கின், ஒன்றையொன்று விலக்கி மிதந்து நின்ற நுண்ணிய களிமண் துகள்கள் தம் மின்னேற்றம் தணிந்து ஒன்றோடொன்று திரண்டு கீழே படியும். படிகம் தான் கரைந்துபோய் நீரைத் தெளிவாக்குகிறது. உவமை தேடும் பாவலர்க்கு வீட்டுச் சமையலறையிலேயே கிடைக்கும் செய்தி இது.

நெல்லிக்குப்பத்துச் சர்க்கரை ஆலையும் இவ்வட்டாரத்தார் அறிந்ததே. கரும்புச்சாறு படிகமாவதற்குமுன் தெளிவிக்கப்பட வேண்டும். சாற்றைச் சூடாக்கிச் சுண்ணாம்பு சேர்த்து, கசடு அடியில் இறங்கியபின் மேலே நிற்கும் தெளிவைக் காய்ச்சிச் செறிவாக்குவர். அதன்பின்னரே மணி பிடிக்கும். தெளியாத சாற்றை அப்படியே இறுகக் காய்ச்சினால் வெல்லம் கிடைக்கும். படிகச் சர்க்கரை கிடைக்காது. வெல்லத்திற்கும் தனிச் சுவை உண்டு என்பது வேறு செய்தி.

பளிங்கின் நான்கு நிலைகள்

ஒளி ஊடுருவும் பொருளைக்கொண்டு பண்டையோர் காட்டிய தெளிவு ஒருவகைப்பட்டதன்று. நான்கு வகைகளை ஈண்டுப் பிரித்துக் காணலாம்.

முதலாவது, அடுத்ததைக் காட்டும் தெளிவு. குறிப்பறிதல் அதிகாரத்தில் 706ஆம் குறளில் வள்ளுவர் காட்டும் பளிங்கு தனக்கென நிறம் இல்லாதது. அருகிலுள்ள பொருளின் நிறம் அதில் தோன்றுமாறு போல, உள்ளத்தில் மிகுந்து நிற்பது முகத்தில் புலப்படும் என்பது கருத்து.

இரண்டாவது, உள்ளிருப்பதைக் காட்டும் தெளிவு. காமத்துப்பாலில் குறிப்பறிவுறுத்தல் அதிகாரத்தில் 1273ஆம் குறள், கோத்த மணியின் ஊடே நூல் தெரிதலை உவமையாக்குகிறது. பெண்ணின் அழகினூடே சொல்லாத குறிப்பு ஒன்று அவ்வாறு புலப்படுகிறது. முதற்குறளில் நிறம் வெளியிலிருந்து வந்தது. இதில் நூல் உள்ளேயே ஓடுகிறது. இரண்டையும் 'பளிங்கு போல' என்று ஒரே அடையால் சொல்லிவிடின் வள்ளுவர் கண்ட நுட்பம் மறைந்துவிடும்.

மூன்றாவது, காட்டியும் மறைக்கும் தெளிவு. மணிமேகலையில் உவவனத்துப் பளிக்கறை உள்ளிருப்பாரின் உருவத்தை வெளியே காட்டும். அவர்தம் ஓசையை வெளியே விடாது. உதயகுமரனுக்கு அஞ்சி மணிமேகலை அதனுள் புகுகிறாள். அவள் உருவம் அவன் கண்ணுக்குப் புலனாகிறது. அவளோ அவன் கைக்கு எட்டாதவளாகிறாள். காணப்படுதலும் அடையப்படுதலும் ஒன்றல்ல என்பதற்கு இதனினும் நல்ல சான்று வேண்டுவதில்லை. எளிதிற் பொருள் விளங்கும் கவிதை ஆழமற்றது என்பாரும், பொருள் மறைந்திருந்தால்தான் கவிதை என்பாரும் பளிக்கறையை ஒருமுறை எண்ணிப்பார்த்தல் நன்று. கண்ணுக்கு முற்றும் தெரிந்தும் கைக்கு எட்டாத ஒன்றைச் சாத்தனார் எப்போதோ படைத்துவிட்டார்.

நான்காவது, சார்ந்ததன் வண்ணமாகும் தெளிவு. இது தத்துவத்தின் பளிங்கு. முற்றிலும் இவ்வட்டாரத்தின் விளைவு. பெண்ணாகடத்தில் தோன்றித் திருவெண்ணெய்நல்லூரில் வளர்ந்த மெய்கண்டார், சிவஞானபோதத்தின் எட்டாம் நூற்பாவை விளக்கும் வெண்பாவொன்றில் படிகத்தை உவமையாக்கினார். பல நிறங்களைக் காட்டினும் அந்நிறங்கள் படிகத்திற்கு உரியன அல்ல. அதனை உணர்ந்தவனே புலன்கள் காட்டும் நிறங்களினின்று தன்னைப் பிரித்து அறிகிறான். சிதம்பரத்தை அடுத்த கொற்றவன்குடியில் வாழ்ந்த உமாபதி சிவம் 1313ஆம் ஆண்டளவில் சங்கற்ப நிராகரணம் இயற்றிய காலத்தில், இவ்வுவமை சைவ சித்தாந்தத்தின் பொதுச்சொத்தாகவே ஆகியிருந்தது. உயிர் எதனைச் சார்கிறதோ அதன் இயல்பினதாகும் என்னும் கொள்கைக்குப் படிகத்தைவிட ஏற்ற உவமை கிடைப்பது அரிது.

தில்லையும் வடலூரும்

நூலில் உவமையாக நின்ற படிகம் தில்லையில் வழிபடு பொருளாகவே நிற்கிறது. அங்கே இறைவனைக் காணும் நிலைகள் மூன்று. ஆடவல்லானின் திருமேனி உருவம். திரை விலக்கிக் காட்டப்பெறும் சிதம்பர இரகசியம் அருவம். பொன் வில்வ மாலைக்கு அப்பால் இருப்பது வெளியே. இவ்விரண்டிற்கும் இடையே அருவுருவமாக வைக்கப்பட்டது படிக இலிங்கம். நாள்தோறும் பூசைக் காலங்களில் அதற்குத் திருமுழுக்கு நடைபெறுகிறது. வடிவும் உண்டு, வடிவினூடே அப்பாலும் தெரிகிறது என்னும் இடைநிலைக்குப் படிகத்தைத் தெரிந்தெடுத்த முன்னோரின் சொல்லுணர்வு போற்றத்தக்கது. அதே அம்பலத்தில் இரத்தினசபாபதியின் மாணிக்கத் திருமேனிக்குப் பின்புறமும் ஒளி காட்டுவது வழக்கம். அப்போது சிவந்த கல்லினூடே ஒளி கடந்து வரும். நிறமுடைய பொருளும் தெளிவுடையதாக இருக்கலாம் என்பது அங்கே விளங்கும். தெளிவுக்கு வெண்மை வேண்டும் என்பது பிழை.

மருதூரில் 1823ஆம் ஆண்டில் பிறந்த வள்ளலார், 1872ஆம் ஆண்டு தைப்பூசத்தில் வடலூர்ச் சத்திய ஞானசபையில் சோதி வழிபாட்டைத் தொடங்கிவைத்தார். அங்குக் கருமை, நீலம், பசுமை, செம்மை, பொன்மை, வெண்மை, கலப்பு என ஏழு வண்ணத் திரைகள். அவை ஒவ்வொன்றாக நீங்கியபின்னரே ஒளி புலனாகும். வெண்மையும் நீக்கப்பட வேண்டிய திரைகளுள் ஒன்றாக எண்ணப்பட்டிருப்பதனைச் சொல்லாய்வாளர் கவனித்தல் வேண்டும். வெண்மை தெளிவன்று என்னும் உண்மை அங்குக் கண்ணெதிரே விளக்கப்படுகிறது.

அடையின் கடமை

இலக்கணம் இவ்விடத்தில் பாவலர்க்குத் துணை நிற்கும். இனத்தினின்று பிரித்துக் காட்டும் அடையும் உண்டு. பிரித்துக் காட்டாத அடையும் உண்டு. 'தெண்ணீர்' என்றால் கலங்கல் நீர் விலக்கப்படுகிறது. 'செஞ்ஞாயிறு' என்றால் கருஞாயிறு ஒன்று விலக்கப்படுவதில்லை. பின்னையது செய்யுள் நெறிக்கு உரியதெனத் தொல்காப்பியர் அன்றே இசைவு அளித்தார். இசைவு அளித்தார் என்பதற்காக எல்லா அடையும் அவ்வாறே நிற்றல் நன்றன்று. கடலுக்குத் 'தெண்' என்னும் அடை கொடுத்துத் தெண்கடல், தெண்டிரை என்றனர் முன்னோர். ஐப்பசி, கார்த்திகை மழையில் கெடிலம் சேற்றோடு வந்து கலக்கும் நாளில் தேவனாம்பட்டினத்துக் கடல் தெண்கடல் அன்று. அந்நாளில் அக்கரையில் நின்று எழுதுவோன் 'தெண்டிரை' என எழுதின், அவன் கடலைப் பார்த்து எழுதவில்லை, நூலைப் பார்த்து எழுதினான் என்பது வெளிப்படும்.

தெள் என்னும் அடை கண்ணுக்கு மட்டும் உரியதன்று என்பதும் கருதத்தக்கது. தெள்விளி என்பது தெளிந்த ஒலியையுடைய அழைப்பு. தெண்கண் என்பது தெளிந்த ஓசை எழுப்பும் பறையின் முகம். திருவாசகத்துத் திருத்தெள்ளேணம் தில்லையில் அருளப்பெற்றது; மகளிர் விளையாட்டின் பெயரால் அமைந்தது. இவ்வாறு செவிக்கும் நாவுக்கும் அறிவுக்கும் நெஞ்சுக்கும் பொதுவாய் நின்ற அடையைக் கைவிட்டு, கண்ணுக்கு மட்டும் உரிய 'பளிங்கு' ஒன்றையே பற்றிக்கொள்வது இழப்பாகும். பேச்சு வழக்கிலோ 'கிளியராகச் சொல்' என்பதே நிலைத்துவிட்டது. 'தெளிவாகச் சொல்' என்பதற்கும் அதற்கும் செய்தியளவில் வேறுபாடில்லை. ஆயினும் தெளிவு என்னும் சொல்லில் முறமும் குடமும் தேற்றாங்கொட்டையும் உடன் வருகின்றன; மற்றதில் அவை வருவதில்லை.

'தெளிதல்' என்பதற்கு நம்புதல் என்னும் பொருளும் உண்டு. தெரிந்து தெளிதல் என ஓர் அதிகாரமே குறளில் உள்ளது. ஆராயாமல் ஒருவரை நம்புவதும், ஆராய்ந்து நம்பியபின் ஐயுறுவதும் தீராத துன்பம் தரும் என்பது அதன் முடிவு. தெளிவான சொல்லை எழுதுவோன் படிப்போனின் நம்பிக்கையை வேண்டி நிற்கிறான். அந்நம்பிக்கை கேட்டவுடன் கிடைப்பதன்று, தெரிந்தபின் கிடைப்பது.

2004ஆம் ஆண்டு டிசம்பர் 26ஆம் நாள் ஞாயிறன்று ஆழிப்பேரலை இக்கரையைத் தாக்கியது. தேவனாம்பட்டினம் உயிர்களை இழந்தது. படகுகளையும் வலைகளையும் வீடுகளையும் இழந்தது. அத்தகைய துயரின் முன் மொழிக்கு உள்ள பணி தேற்றுதலே. தேற்றுதலின் இரு பொருளும் அங்கு ஒன்றாகின்றன. கலங்கிய நீரைக் கையால் துழாவித் தெளியவைக்க இயலாது. துழாவினால் மேலும் கலங்கும். கொட்டையை உரைத்துவிட்டுக் காத்திருத்தல் வேண்டும். பேரழிவைப் பற்றி உடனே உரத்த குரலில் எழுதப்படும் வரிகள் பலவும் துழாவும் கையை ஒத்தவை. துயருற்றாரின் சொல்லைக் கேட்டு, அது தன்னளவில் படியும்வரை பொறுத்து எழுதப்படும் வரிகளே தேற்றும் தகுதியுடையவை. இழந்தவர்க்கு அலங்காரம் வேண்டியதில்லை. நிகழ்ந்தது நிகழ்ந்தபடி தெரிதல் வேண்டும்.

மணல் தரும் பாடம்

இறுதியாக, தொடக்கத்தில் கூறிய மணலுக்கு மீளலாம். இக்கடற்கரை மணலின் பெரும்பகுதி குவார்ட்சு. அதாவது, இங்குக் காலடியில் கிடப்பது பண்டையோர் பளிங்கு என்று பாடிய பொருளே. ஒரு மணலை மட்டும் எடுத்து ஒளியின் எதிரே பிடித்து உருப்பெருக்கிக் கண்ணாடியால் நோக்கினால், அதனூடே ஒளி கடந்து வருவது தெரியும். ஆனால் குவியலாகக் கிடக்கும்போது மணல் ஒளி ஊடுருவும் பொருளாகத் தோன்றுவதில்லை. ஒவ்வொரு மணியின் தேய்ந்த முகத்திலும் ஒளி பட்டுச் சிதறுவதால், குவியல் முழுதும் வெளுத்துத் தோன்றுகிறது. சர்க்கரையும் அவ்வாறே. மணிக்கு உரியது தெளிவு. குவியலுக்கு உரியது வெண்மை.

சொற்களும் இத்தன்மையனவே. தனித்தனியே தெளிவான சொற்களைக் குவித்துவிட்டால் கவிதை தெளிவுறும் என்பதற்கு உறுதி இல்லை. படிகத்தில் அணுக்கள் ஓர் ஒழுங்கில் நிற்கின்றன என்பது இன்றைய அறிவியல் முடிவு. கண்ணாடி ஒளியை விட்டாலும் அவ்வொழுங்கு அதற்கு இல்லை. ஆதலின் அறிவியலார் அதனைப் படிகம் என்பதில்லை. பளிங்கு என்னும் அடையைப் பயன்படுத்த விரும்பும் பாவலர், தாம் சொல்ல வந்தது ஒளி கடத்தலா, ஒழுங்கா, நிறமின்மையா, வெறும் பளபளப்பா என ஒருமுறை தம்மையே வினவிக்கொள்ளலாம். பளபளப்பு மட்டும் எனின் அச்சொல் சலவைக்கல்லுக்கு உரியதாகவே இருந்துவிடட்டும். ஒளி கடத்தல் எனின் 'தெள்' என்னும் பழைய அடை இன்னும் தேயாமல் காத்திருக்கிறது.

1918ஆம் ஆண்டு இறுதியில் பாரதியார் இக்கடலூர்ச் சிறையில் வைக்கப்பட்டிருந்தார். அதற்கு ஆறாண்டுகள் முன்னரே, பாஞ்சாலி சபதத்தின் முன்னுரையில், எளிய சொல்லும் எளிய நடையும் கொண்டு காவியம் செய்வோனே தமிழுக்குப் புத்துயிர் தருபவன் என்னும் கருத்தை அவர் நாட்டியிருந்தார். எளிமை என்பது தெள்ளி எடுத்தபின் முறத்தில் எஞ்சுவது. பத்தாண்டுகளாகத் திங்கள்தோறும் கூடி ஒருவர் பாடலை மற்றவர் கேட்டு, குறை சொல்லி, திருத்தி வந்துள்ள இவ்வட்டத்தின் பணியும் தெள்ளுதலே. நொய் போக எஞ்சிய மணிகள் இம்மலரில் உள்ளன. முறம் ஓயாதிருக்கட்டும்.